இரண்டாம் தடவை கேட்காதவர்

என் மகள் வாங்கிக் கொடுத்த டேப், காலையிலிருந்து நான்காவது தடவையாக நான் யார் என்று கேட்கிறது. மின்னஞ்சல் முகவரியைக் கொடு என்கிறது, கடவுச்சொல்லைக் கொடு என்கிறது, ஃபோனுக்கு அனுப்பிய எண்ணைக் கொடு என்கிறது. எல்லாவற்றையும் கொடுத்தாயிற்று. கொடுத்ததும் ஒரு சக்கரம் சுற்றுகிறது. சக்கரம் நின்றதும் மறுபடியும் முதல் கேள்வி. வேறொரு நாளாக இருந்தால் இதற்குள் எனக்கு ரத்த அழுத்தம் ஏறியிருக்கும். இன்று இதற்கு மேல் பதில் சொல்லவில்லை. அதைக் கவிழ்த்துப் போட்டு, மேலே மூக்குக்கண்ணாடிக் கூட்டை வைத்திருக்கிறேன். கேட்டுக்கொண்டே கிடக்கட்டும்.

இந்தத் தைரியம் என் பிறவிக்குணம் இல்லை. காஸ் அடுப்பை அணைத்தோமா என்று படியிறங்கிய பிறகும் ஏறிப்போய்ப் பார்க்கிறவன் நான். லிங்கராஜபுரத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டின் கீழ்த்தளத்தில் மெஸ் நடத்திய ஓர் அம்மாவிடமிருந்து ஒட்டிக்கொண்டது இது. நான் மாடியில் வாடகைக்கு இருந்தேன், அவர் கீழே வாடகைக்கு இருந்தார். இடையில் பதினேழு படிகள்.

அவர் பெயரை எழுதப் போவதில்லை. பெயரைக் கேட்டவர்களிடம் ஒரு தடவை சொல்வார். ஹென்னூர் ரோட்டுச் சத்தத்தில் அது காதில் விழாமல் "என்னது?" என்று கேட்டவர்களுக்கு மறுபடியும் சொல்லமாட்டார். அவர்கள் எல்லாரும் 'மெஸ் அக்கா' என்று கூப்பிடப் பழகிக்கொண்டார்கள். தெருவில் பாதிப் பேருக்கு அவர் கடைசிவரை மெஸ் அக்காதான். எனக்கு முதல் தடவையே காதில் விழுந்துவிட்டது. விழுந்ததை ஊருக்கெல்லாம் சொல்லச் சொல்லி அவர் என்னிடம் கேட்கவில்லை.

ஐம்பது வயதைத் தாண்டியவர். குள்ளம், அகலமான தோள். எண்ணெய் தெறிக்காமலிருக்கப் புடவைக்கு மேல் முழுக்கைச் சட்டை போட்டிருப்பார். வலது கையில் கடிகாரம். குரலை உயர்த்தமாட்டார். எது சொன்னாலும் ஒரு தடவைதான் சொல்வார், எது கேட்டாலும் ஒரு தடவைதான் கேட்பார். அவரைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியது இவ்வளவுதான். மீதி எல்லாம் இதிலிருந்து வந்ததுதான்.

இதை நான் பட்டினி கிடந்து தெரிந்துகொண்டேன். மனைவி காலமான பிறகு நானே சமைக்கப் பார்த்து இரண்டு குக்கரைப் பாழாக்கிவிட்டு, ஒரு மதியம் கீழே போய் உட்கார்ந்தேன். சாம்பார் சாதம் முடிந்தது. ரசம் ஒரு கரண்டி விழுந்தது. நல்ல ரசம். "இன்னும் ரசம்?" என்று கேட்டார். நான் பழக்கதோஷத்தில் இலைக்கு மேலே கையைக் காட்டி, "பரவாயில்லைம்மா, போதும்" என்றேன். நம் வீடுகளில் இதற்கு என்ன அர்த்தம் என்று எல்லாருக்கும் தெரியும். இன்னொரு தடவை கேளுங்கள், அப்புறம் ஊற்றுங்கள் என்று அர்த்தம். அவர் ரசத் தூக்கை எடுத்துக்கொண்டு அடுத்த இலைக்குப் போய்விட்டார். தட்டில் நான்கு அப்பளம் மிச்சமிருந்தது. அதிலும் இதே கதை. மிச்சச் சோற்றை ஊறுகாய் தொட்டுச் சாப்பிட்டுவிட்டு மாடியேறினேன்.

மறுநாளும் வாய் தானாக 'பரவாயில்லை' என்றது. மூன்றாம் நாள் அவர் 'ரசம்' என்ற சொல்லை முடிப்பதற்குள் "ஊத்துங்கம்மா" என்றேன். அவர் சிரிக்கவில்லை. ஆனால் இரண்டு கரண்டி விழுந்தது.

ஐடி கம்பெனிகளில் வேலை பார்க்கிற இளைஞர்கள் சிலர் அங்கே சாப்பிட்டார்கள். எல்லாரும் தமிழ்நாட்டுப் பக்கத்து ஊர்களிலிருந்து வந்தவர்கள். அவர்களில் மதுரைக்காரர் ஒருவர் என்னைப்போலவே ஒரு முட்டைப் பொரியலை இழந்துவிட்டு, "ஏங்கா, இன்னொரு தடவை கேட்டா குறைஞ்சா போயிருவீங்க?" என்று கேட்டார்.

"முதல் தடவை கேட்டப்போ நீ எங்க போயிருந்தே?" என்றார் இவர். மதுரைக்காரர் அன்று முதல் எது கேட்டாலும் "வேணும்" என்பதை முதலில் சொல்லிவிட்டு, அப்புறம் என்ன பண்டம் என்று எட்டிப் பார்ப்பார்.

இதைத் திமிர் என்று சொன்னவர்களும் உண்டு. ஒரு நாள் தண்ணீர் லாரி ஒன்று மெஸ் வாசலை மறித்து நின்றது. டிரைவர் உள்ளே உட்கார்ந்து ஃபோன் பார்த்துக்கொண்டிருந்தார். இவர் போய்க் கன்னடத்தில் நிதானமாக வண்டியை நகர்த்தச் சொன்னார். டிரைவர் தலையை ஆட்டினார், நகர்த்தவில்லை. நானாக இருந்தால் கெஞ்சியிருப்பேன், இல்லாவிட்டால் கத்தியிருப்பேன். இவர் ஒரு முக்காலியையும் ஒரு கூடை வெங்காயத்தையும் கொண்டுவந்து லாரியின் மூக்குக்கு எதிரே போட்டு உட்கார்ந்து உரிக்க ஆரம்பித்தார். தண்ணீர் இறக்கி முடிந்து டிரைவர் கிளம்பப் பார்த்தால் போக வழியில்லை. ஹாரன் அடித்தார். இறங்கி வந்து நகரச் சொன்னார். "ஹேளாய்த்து" என்றார் இவர். சொல்லியாயிற்று என்று அர்த்தம். அந்தக் கூடையில் ஐம்பதுக்கு மேல் வெங்காயம் இருக்கும். கடைசி வெங்காயம் உரிந்த பிறகுதான் எழுந்தார். அந்த லாரி அதற்குப் பிறகு இரண்டு வீடு தள்ளித்தான் நின்றது.

இப்படிப்பட்டவர் கையில்தான், மெஸ்ஸுக்கு ஆர்டர் வாங்க ஒரு டேப் வந்து சேர்ந்தது.

மெஸ்ஸுக்கு வந்து சாப்பிடுகிறவர்களைவிட, ஆப்பில் ஆர்டர் போட்டு வீட்டுக்கு வரவழைக்கிறவர்கள் அதிகமாகிவிட்டிருந்தார்கள். மசாலா டப்பாக்களுக்குப் பக்கத்தில் ஓர் ஆணியில், பிளாஸ்டிக் உறை போட்டு டேப்பைத் தொங்கவிட்டிருந்தார். ஆர்டர் வந்தால் மணியடிக்கும். மஞ்சள் கறை பிடித்த கட்டைவிரலால் அழுத்தி ஏற்றுக்கொள்வார். கூடமாட வேலை செய்த கௌரம்மா பொட்டலம் கட்டுவார். பத்து மணிக்குத் திறந்தால் மூன்று மணிவரை அது ஓயாது.

அதற்குரிய கணக்கைத் தொடங்கிக் கொடுத்தவர் அவருடைய கொழுந்தனார். கணவர் இறந்து சில வருஷம் ஆகியிருந்தது. கணவரின் தம்பி பானஸ்வாடியில் இருந்தார். ஒரு கம்பெனியில் நிர்வாக வேலை. மடிப்புக் கலையாத சட்டை. எங்கள் சர்ச்சில் இரண்டாவது ஆராதனையில் காணிக்கைப் பை ஏந்தி வருகிறவர்களில் ஒருவர். அண்ணிக்கு இதெல்லாம் புரியாது என்று, பதிவு செய்தபோது தன் ஃபோன் நம்பரைக் கொடுத்திருந்தார். இதில் யாரும் தப்பாக நினைக்க ஒன்றுமில்லை. நம் குடும்பங்களில் காஸ் இணைப்பு யார் பெயரில் இருந்தாலும், பாங்குக் கணக்கு யார் பெயரில் இருந்தாலும், நம்பர் மட்டும் வீட்டில் இங்கிலீஷ் படிக்கிற ஆண்பிள்ளையுடையதுதான். உரிமம் அந்த அம்மா பெயரில், அடுப்பு அவருடையது, கை அவருடையது. நீ யார் என்று டேப் கேட்டால் பதில் மட்டும் பானஸ்வாடியிலிருந்து வரவேண்டும்.

முதலில் மாதத்துக்கு ஒரு தடவை கேட்டது. இவர் ஃபோன் போட்டு "தம்பி, நம்பர்" என்பார். அவர் ஆறு இலக்கத்தைச் சொல்வார். முடிந்தது. அப்புறம் வாரத்துக்கு ஒரு தடவை ஆயிற்று. அப்புறம் தினமும். பிறகு ஒரே காலையில் மூன்று, நான்கு, ஐந்து. மணியடித்துக்கொண்டிருக்கும்போதே திரை வெள்ளையாகிவிடும்: மீண்டும் உள்நுழையவும். ஆர்டர் போட்டவருக்குக் கடை மூடியிருப்பதாகக் காட்டும். வாசலில் டெலிவரிக்காரர்கள் ஹெல்மெட்டைக் கழற்றாமல் நிற்பார்கள். கட்டி வைத்த பிரியாணி வியர்க்கும்.

கொழுந்தனாரும் மாறினார். மீட்டிங்கில் இருப்பதாகச் சொன்னார். வண்டி ஓட்டுவதாகச் சொன்னார். ஒரு நாள் நிதானமாகவே பேசினார். தன் மச்சான், அதாவது மனைவியின் தம்பி, சும்மா இருக்கிறானாம், இந்த மாதிரி விஷயத்தில் கெட்டிக்காரனாம். ஆர்டர், கணக்கு எல்லாவற்றையும் அவன் பார்த்துக்கொள்வானாம். அண்ணி சமையலை மட்டும் பார்த்தால் போதுமாம். யோசித்துச் சொல்லுங்கள் என்றார்.

"யோசிச்சிட்டேன். வேணாம் தம்பி" என்றார் இவர்.

அன்றிலிருந்து டேப் இன்னும் அதிகமாகக் கேட்க ஆரம்பித்தது.

நான் உள்ளே நுழைந்தது இங்கேதான். சாப்பிட உட்கார்ந்தவனிடம் டேப்பைக் கொண்டுவந்து வைத்து, "சார், நீங்க படிச்சவரு. இதுக்கு என்ன வியாதின்னு பாருங்க" என்றார். ஒரு தடவைதான் கேட்பார் என்று தெரியும். ஆகவே கையைக் கழுவிக்கொண்டு உடனே உட்கார்ந்தேன்.

எனக்குத் தெரிந்ததையெல்லாம் செய்தேன். அணைத்து ஏற்றினேன். தேதியும் நேரமும் தப்பாக இருந்தால் இப்படிக் கேட்கும் என்று படித்திருந்தேன். பார்த்தேன், இரண்டும் சரி. பழைய கடவுச்சொல்லை அது மனப்பாடம் செய்து வைத்திருந்தது, அழித்தேன். வைஃபையைத் துண்டித்துச் சேர்த்தேன். ஆப்பை எடுத்துவிட்டு மறுபடியும் போட்டேன். ஒவ்வொன்றுக்கும் பிறகு கொழுந்தனாரிடம் நம்பர் வாங்கவேண்டியிருந்தது. ஒவ்வொன்றுக்கும் பிறகு அது கொஞ்ச நேரம் நல்ல பிள்ளையாக இருந்துவிட்டு மறுபடியும் கேட்டது. எனக்குத் தூக்கம் போயிற்று. எதையாவது ஒரேயடியாகக் கெடுத்துவிட்டேனோ என்று பயம்.

"இதுக்குக் கொஞ்சமாவது வெக்கம் இருக்கா பாருங்க சார்" என்றார் அவர், திரையைக் காட்டி. "ஒரு தடவை கேட்டா அது கேள்வி. ரெண்டாவது தடவை கேட்டா பிச்சை. இது எந்த ரகம்?"

வழி கிடைத்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை. அவர் விடியற்காலை ஆராதனைக்குப் போய்வந்துவிட்டு அடுப்பைப் பற்றவைப்பார். அவருக்கு ஞாயிறுதான் பெரிய நாள். நானும் முதல் ஆராதனைக்குப் போய்விட்டு வந்து, டேப்புக்குக் காவலாக ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். ஆர்டர் மேல் ஆர்டர் வந்தது. நான் எண்ணிக்கொண்டே இருந்தேன். இருபத்தொன்று வரை அது ஒரு தடவைகூட யார் என்று கேட்கவில்லை. நான் வைத்தியம் பலித்துவிட்டது என்று நினைத்தேன். சர்ச்சில் இரண்டாவது ஆராதனை விட்டு ஜனங்கள் தெருவில் வர ஆரம்பித்தார்கள். கௌரம்மா வாசலுக்குப் போய்ப் பார்த்துவிட்டு உள்ளே வந்தார். திரை வெள்ளையாயிற்று.

அடுத்த ஞாயிறும் அப்படியே. ஆராதனை முடியும்வரை அமைதி, முடிந்ததும் கேள்வி. டேப்புக்குப் பக்தி கிடையாது. ஆராதனை நேரத்தில் ஃபோனை அணைத்து வைக்கிற யாரோ ஒருவர், வெளியே வந்ததும் அதைத் திறக்கிறார். அப்போதுதான் அந்த வெள்ளைத் திரையின் அடியில் பொடி எழுத்தில் ஒரு வரி இருப்பதைக் கண்ணாடி போட்டுப் படித்தேன். எத்தனையோ தடவை படிக்காமல் தள்ளிவிட்ட வரி. உங்கள் கணக்கு வேறொரு கருவியில் திறக்கப்பட்டிருக்கிறது என்றது. ஒரே நேரத்தில் ஒரு கருவியில்தான் அது இருக்கும். அங்கே திறந்தால் இங்கே மூடிக்கொள்ளும்.

அவரிடம் சொன்னேன். அவர் கத்தியை நிறுத்தவில்லை. புதினாவை நறுக்கி முடித்து, கையைத் துடைத்துக்கொண்டு, கொழுந்தனாருக்கு ஃபோன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார்.

"தம்பி, நம்ம கடைக் கணக்கை நீங்க உங்க ஃபோன்ல திறக்கறீங்களா?"

அந்தப் பக்கம் சிரிப்பு. "எனக்கு வேற வேலை இல்லையா அண்ணி? உங்க டேப் பழசாயிடுச்சு. அதான் மச்சான்கிட்ட விடுங்கன்னு சொன்னேன்."

"சரி" என்று ஃபோனை வைத்தார். டேப்பை ஆணியிலிருந்து கழற்றி, மேடைமேல் கவிழ்த்துப் போட்டு, அதன்மேல் கல்லுப்பு ஜாடியைத் தூக்கி வைத்தார்.

நான் பதறினேன். இன்னொரு தடவை பேசிப் பார்க்கலாம், நான் வேண்டுமானால் பேசுகிறேன், பாதிரியாரிடம் சொல்லலாம் என்றெல்லாம் சொன்னேன்.

"கேட்டாச்சு சார். அவரும் சொல்லிட்டாரு" என்றார்.

அதன் பிறகு டேப் உப்பு ஜாடிக்கு அடியில் கிடந்தது. இவர் நம்பர் கேட்டு ஃபோன் போடவேயில்லை. வந்து சாப்பிடுகிறவர்களுக்குப் போட்டார். கேரியர் கட்டி அனுப்பினார். ஏழு கேரியர் போய்க்கொண்டிருந்தது, மதுரைக்காரர் தன் ஆபீசில் சொல்லிப் பதினொன்று ஆயிற்று. ஆனால் பதினொரு கேரியர் எங்கே, ஓயாத மணி எங்கே? பெரிய அண்டா மேடைக்கு அடியில் காய்ந்து கிடந்தது. கௌரம்மா பொட்டலம் கட்ட வேலையில்லாமல், தேய்த்த பாத்திரத்தையே மறுபடியும் தேய்த்துக்கொண்டிருந்தார்.

வழக்கமாக வருகிற டெலிவரிக்காரர் ஒருவர் நின்று ஒரு சேதி சொல்லிவிட்டுப் போனார். கடை மூடியே கிடக்கிறதாகக் காட்டுகிறதாம். இந்த ஞாயிற்றுக்குள் திறக்காவிட்டால் பட்டியலிலிருந்து எடுத்துவிடுவார்களாம். எடுத்துவிட்டால் அந்தப் பெயரை வேறு யார் வேண்டுமானாலும் பதிந்துகொள்ளலாமாம். மெஸ்ஸின் பெயர் அவர் வைத்தது. ருசி பார்த்து வீட்டிலிருந்தபடி ஆர்டர் போட்டவர்களுக்கு அந்தப் பெயர்தான் தெரியும். கொழுந்தனாரின் மச்சான் எந்தப் பெயரில் அடுப்பு வைக்கப் பார்க்கிறார் என்று எனக்கு அப்போது விளங்கிவிட்டது. அந்த அம்மாவுக்கும் விளங்கியிருக்கும். ஆனாலும் ஃபோனை எடுக்கவில்லை.

இப்போது அந்த அம்மா ஆனேக்கலில் இருக்கிறார். தொழிற்பேட்டைப் பக்கம் பெரிய இடமாகப் பிடித்து, அதே பெயரில் நடத்துகிறார். நான் ஒரு தடவை பஸ் மாறிப் போய்ப் பார்த்தேன். பதினான்கு மேசை. "வாங்க சார்" என்றார். நடுவில் போன வருஷங்களைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. பேசியதில் பெரும்பகுதி ரசத்தைப் பற்றி. அந்தப் பதினான்கு மேசைக்கும் அடியில் இருப்பது அந்த ஞாயிற்றுக்கு முந்தைய சனிக்கிழமைதான் என்று நான் சாப்பிட்டுக்கொண்டே நினைத்துக்கொண்டேன்.

அந்தச் சனிக்கிழமை மத்தியானம் கொழுந்தனார் தானாகவே வந்தார். அண்ணி கெஞ்சி ஃபோன் போடுவார் என்று ஒரு வாரம் காத்திருந்து பார்த்திருக்கிறார். வரவில்லை. அது அவருக்கு இருப்புக்கொள்ளாமல் பண்ணியிருக்க வேண்டும். நான் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். மதுரைக்காரரும் இன்னும் இரண்டு பேரும் இருந்தார்கள். கொழுந்தனார் எனக்கு ஒரு வணக்கம் வைத்துவிட்டு, எல்லாருக்கும் கேட்கும்படி பேசினார். குடும்பத்துக்குள் ஏன் இந்த வீம்பு, நல்லதுக்குத்தானே சொன்னேன், நாளைக்குள் திறக்காவிட்டால் பெயர் போய்விடும், மச்சான் வாசலில் வண்டியில்தான் உட்கார்ந்திருக்கிறான், கூப்பிடட்டுமா என்றார்.

"வேணாம்னு அன்னிக்கே சொன்னேன்" என்றார் இவர். அன்று சொன்னதை மறுபடியும் சொல்லவில்லை பாருங்கள், சொன்னதை ஞாபகப்படுத்தினார். அதோடு இலைக்கு மோர் ஊற்றப் போய்விட்டார்.

நாலு பேர் முன்னால் இப்படி ஆகும் என்று கொழுந்தனார் எதிர்பார்க்கவில்லை. முகம் சிவந்தது. நம் ஆட்கள் கோபித்துக்கொள்ளும்போது சொல்கிற ஒரு பேச்சு உண்டு. கல்யாண வீட்டில் சொல்வார்கள், பங்கு பிரிக்கிற வீட்டில் சொல்வார்கள். சொல்கிறவர் கண் மட்டும், யாராவது கையைப் பிடித்து நிறுத்துகிறார்களா என்று பார்த்துக்கொண்டிருக்கும். அதை அவர் சொன்னார்.

"அப்படின்னா என் நம்பர் மட்டும் எதுக்கு அண்ணி? அதையும் எடுத்துடுங்க. எனக்கு ஒண்ணும் வேணாம். நான் யாரு இதுல?"

சொல்லிவிட்டுக் காத்திருந்தார். ஐயோ தம்பி அப்படிச் சொல்லலாமா என்று அண்ணி ஓடிவர வேண்டிய இடம் அது. வேறு எந்த வீடாக இருந்தாலும் வந்திருப்பார்கள்.

இவர் மோர்த் தூக்கைக் கீழே வைத்தார்.

"சரி" என்றார். "சார், எடுத்துடுங்க."

உப்பு ஜாடியை நகர்த்தி, டேப்பை முந்தானையால் துடைத்து, என் இலைக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைத்தார். நான் எச்சில் கையைத் தண்ணீரில் நனைத்துவிட்டு வேட்டியில் துடைத்துக்கொண்டு திரையைத் தொட்டேன். டேப் வழக்கம்போல நம்பர் கேட்டது. கொழுந்தனாரின் சட்டைப் பையில் ஃபோன் சிணுங்கியது.

மதுரைக்காரர் மோரை உறிஞ்சுவதை நிறுத்திவிட்டு, "அண்ணே, நம்பர் வந்திருக்கும் பாருங்க. எடுத்துறச் சொன்னீங்கள்ல?" என்றார், வெகு பணிவாக.

கொழுந்தனார் அண்ணியைப் பார்த்தார். அண்ணி அவரைப் பார்க்கவேயில்லை, திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். வேண்டாம் என்று வாயால் சொன்னதை, நாலு பேர் பார்க்கத் திரும்ப விழுங்க அவரால் முடியவில்லை. ஃபோனை எடுத்து ஆறு இலக்கத்தைச் சொன்னார். நான் தட்டினேன். உள்ளே போயிற்று. நம்பரை மாற்று என்ற இடத்தைத் தேடிப் பிடித்தேன். பழைய நம்பருக்கு இன்னொரு ஆறு இலக்கம் அனுப்பியிருக்கிறேன், அதையும் சொல் என்றது. அதையும் சொன்னார், குரல் கொஞ்சம் இறங்கி. பிறகு புது நம்பர் கேட்டது. அந்த அம்மா தன் நம்பரைச் சொன்னார். அவருடைய ஃபோன் அடுப்படியில் சிணுங்கியது. கௌரம்மா ஓடிப்போய் எடுத்துவந்தார்.

கடைசியாகப் புதுக் கடவுச்சொல் கேட்டது. டேப்பை அவரிடம் கொடுத்துவிட்டு நான் சுவர் பக்கம் திரும்பிக்கொண்டேன். கரண்டி மாட்டுகிற கொக்கிகளை எண்ணினேன், ஒன்பது. பின்னால் மெதுவாகத் தட்டுகிற சத்தம் கேட்டது. பிறகு நின்றது.

"சார், மறுபடியும் அதையே கேக்குது."

"ஆமாம்மா. அதே சொல்லை இன்னொரு தடவை அடிக்கணும். சரியா அடிச்சீங்களான்னு பாக்கறதுக்கு."

"நான் சரியாத்தான் அடிச்சேன்."

அதிக நேரம் சும்மா விட்டால் அது வெளியே தள்ளிவிடும். மறுபடியும் முதலிலிருந்து வரவேண்டும், மறுபடியும் கொழுந்தனார் நம்பர் சொல்லவேண்டும். இனிமேல் சொல்வாரா? இரண்டாவது தடவை என்பதே அந்த அம்மாவிடம் கிடையாது என்பது எனக்குத் தெரியும், கௌரம்மாவுக்குத் தெரியும், மதுரைக்காரருக்குத் தெரியும். அவருடைய கொழுந்தனாருக்கு எங்களைவிட நன்றாகத் தெரியும். நான் திரும்பியபோது அவர் முகத்தில், வந்ததிலிருந்து முதல் தடவையாக, ஒரு சின்னச் சிரிப்பு இருந்தது.

அந்த அம்மாவும் அதைப் பார்த்தார்.

குனிந்தார். ஒவ்வொரு எழுத்தாக, அழுத்தி, அடித்தார்.

அவர் ஒன்றை இரண்டு தடவை சொல்லி நான் பார்த்தது அன்று மட்டும்தான். அது என்ன சொல் என்று எனக்குத் தெரியாது. நான் மறுபடியும் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மற்றக் கருவிகளிலிருந்து வெளியேறவா என்று டேப் கேட்டது. ஆமாம் என்று நானே அழுத்தினேன். கொழுந்தனாரின் கையிலிருந்த ஃபோன் டிங் என்றது. அவர் அதைப் பார்த்தார். மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு இன்னொரு தடவை பார்த்தார். ஏதோ அழுத்தினார். சக்கரம் சுற்றியிருக்க வேண்டும், அவர் விரலைத் தூக்கி வைத்துக்கொண்டு காத்திருந்தார். பிறகு மறுபடியும் டிங்.

"என்ன தம்பி கேக்குது?" என்றார் அண்ணி.

"ஒண்ணுமில்லை அண்ணி."

"சரி."

டேப்பை எடுத்துக்கொண்டுபோய் ஆணியில் மாட்டினார். கௌரம்மா மேடைக்கு அடியிலிருந்து பெரிய அண்டாவை இழுத்தார். அது தரையில் உரசுகிற சத்தம் பல்லைக் கூசவைத்தது. அந்த அம்மா பால் பாத்திரத்தை அடுப்பில் ஏற்றி, டிகாக்‌ஷனைக் கலந்து ஆற்றிக்கொண்டே கேட்டார்.

"காபி குடிக்கிறீங்களா தம்பி?"

"இல்லை அண்ணி, பரவாயில்லை. வேணாம்."

அவர் என் பக்கம் திரும்புவதற்குள் நான் "எனக்கு வேணும்" என்றேன். டம்ளர் வந்தது. நுரை பொங்க, சூடாக. பால் பாத்திரத்தில் இன்னும் இரண்டு டம்ளருக்கு இருந்தது, அதை மூடி வைத்துவிட்டார்.

கொழுந்தனார் உடனே எழுந்திருக்கவில்லை. ஃபோனைப் பையில் போட்டுக்கொண்டு, என் டம்ளரைப் பார்த்தார், மூடிய பாத்திரத்தைப் பார்த்தார், அண்ணியின் முதுகைப் பார்த்தார். நான் காபியைக் குடித்து முடிக்கும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தார். ஆணியில் தொங்கிய டேப் மணியடித்தது. மட்டன் பிரியாணி, இரண்டு.